எட்டு வாரக் கெடுவும் சாதிச் சான்றிதழும்

சென்னை உயர் நீதிமன்றத்திலும் அதன் மதுரைக் கிளையிலும் அரசு அலுவலகங்கள் மீது தொடுக்கப்படும் ரிட் மனுக்களில் கணிசமானவை ஒரே மாதிரியான உத்தரவோடு முடிகின்றன. மனுதாரர் கொடுத்த விண்ணப்பத்தைத் தகுதியின் அடிப்படையிலும் சட்டப்படியும் பரிசீலித்து, உத்தரவின் நகல் கிடைத்த நாளிலிருந்து எட்டு வாரத்துக்குள் ஆணை பிறப்பிக்க வேண்டும். கோரிக்கை சரியா தவறா என்பது பற்றி நீதிமன்றம் கருத்து எதுவும் சொல்லவில்லை. எட்டு என்பது சில சமயம் நான்காகும், சில சமயம் பன்னிரண்டாகும். மனுதாரர் ஜெயித்துவிட்ட நினைப்பில் ஊருக்குப் போவார். கெடு முடியும், ஆணை வராது. அதே வழக்கறிஞர் அலுவலகத்தில் அடுத்து தயாராவது நீதிமன்ற அவமதிப்பு மனு.

அவமதிப்பு என்றதும் நீதிபதியை ஏசியவரும் தீர்ப்பைக் கேலி செய்தவரும்தான் நம் நினைவுக்கு வருவார்கள். அது குற்றவியல் அவமதிப்பு. செய்திக்குத் தீனி போடுவது அதுவே. நீதிமன்றத்தின் அன்றாடப் பட்டியலில் இடம்பிடிப்பதோ உரிமையியல் அவமதிப்பு. தீர்ப்பு, உத்தரவு, நீதிப்பேராணை எதையும் வேண்டுமென்றே மீறுவதும், நீதிமன்றத்துக்குக் கொடுத்த உறுதியை வேண்டுமென்றே மீறுவதும் 1971ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தில் அந்த வகைக்குள் வருகின்றன. உயர் நீதிமன்றத்துக்கு இந்த அதிகாரம் சட்டத்தால் மட்டும் வந்ததல்ல. அரசமைப்பின் 215ஆம் பிரிவிலேயே இருக்கிறது. இந்த வகையில் எதிர்மனுதாரர் பெரும்பாலும் ஓர் அரசு அலுவலர்: தாசில்தார், கோட்டாட்சியர், கல்வி அலுவலர், துறைச் செயலர்.

அந்த அலுவலர் செய்யத் தவறிய வேலை ஓர் ஆவணத்தைச் சரிபார்ப்பது என்றால் சிக்கல் இரட்டிப்பாகிறது. நிலுவைச் சம்பளத்தைக் கொடு என்ற உத்தரவு மீறப்பட்டதா என்று பார்க்க வங்கிக் கணக்கு போதும். ஒரு சாதிச் சான்றிதழ் உண்மையா என்று விசாரித்து முடிவெடு என்ற உத்தரவு அப்படியல்ல. விசாரித்தேன் என்று எழுதிவிடலாம். உண்மையில் விசாரித்தாரா என்பதை அவமதிப்பு மனு கேட்பதில்லை.

மனுவின் நடையைக் கொஞ்சம் அருகில் போய்ப் பார்க்கலாம். முதலில் உத்தரவின் சான்றிட்ட நகலை வாங்கிப் பதிவுத் தபாலில் அதிகாரிக்கு அனுப்ப வேண்டும். ஒப்புகை அட்டை திரும்பி வரும். வழக்கின் உயிர் அந்த அட்டையில்தான் இருக்கிறது, ஏனென்றால் கெடு ஓடத் தொடங்குவது அதில் விழுந்த அலுவலக முத்திரையின் தேதியிலிருந்து. மீறல் நடந்த நாளிலிருந்து ஓர் ஆண்டுக்குள் அவமதிப்பு மனுவைத் தாக்கல் செய்தாக வேண்டும். சட்டத்தின் 20ஆம் பிரிவு அப்படிச் சொல்கிறது. மனு எண் பெற்று, அறிவிப்பு போய், அதிகாரி நேரில் வர நாள் குறிக்கப்பட்டவுடன் அதுவரை அசையாத கோப்பு அசையும். அதுவும் எப்படி! இரண்டு வருடம் ஒரு மேசையில் கிடந்த கோப்பு, விசாரணைக்கு முந்தைய இரண்டு நாளில் மூன்று மேசையைக் கடந்துவிடும். விசாரணை நாளன்று அரசு வழக்கறிஞர் எழுந்து ஒரு தாளை நீட்டுவார். மனுதாரரின் விண்ணப்பம் பரிசீலிக்கப்பட்டு, போதிய ஆதாரம் இல்லாததால் நிராகரிக்கப்பட்டது என்று அதில் இருக்கும். தேதியைப் பார்த்தால் அநேகமாக முந்தைய நாள்.

அவமதிப்பு மனு அத்துடன் முடிந்தது. பரிசீலிக்கச் சொன்னார்கள், பரிசீலித்தாயிற்று. 1996இல் ராஜஸ்தான் பணிமூப்புப் பட்டியல் ஒன்றைப் பற்றிய ஜே.எஸ்.பரிஹார் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதை நெறியாகவே வகுத்தது. உத்தரவுக்கு இணங்க அதிகாரி ஒரு முடிவு எடுத்துவிட்டால், அது சரியோ தவறோ, அதை எதிர்த்துப் புதிய வழக்குதான் போட வேண்டும். அவமதிப்பு விசாரணையில் அந்த முடிவின் நியாயத்தை ஆராய முடியாது. 2014இல் ஓ.என்.ஜி.சி. ஊழியர்கள் தொடர்பாகச் சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து போன சுதிர் வாசுதேவா வழக்கு இன்னொரு வேலியைப் போட்டது. மூல உத்தரவில் சொல்லாத எதையும் அவமதிப்பு நீதிமன்றம் புதிதாகச் சேர்த்துக் கொடுக்கக் கூடாது. சட்ட நோக்கில் இரண்டும் சரியான தீர்ப்புகள். அவமதிப்பு விசாரணையே இன்னொரு மேல்முறையீடாகிவிட்டால் எந்த வழக்கும் முடியாது. ஆனால் இரண்டையும் சேர்த்துப் படிக்கும் அதிகாரி ஒரு பாடம் கற்றுக்கொள்கிறார்: கெடுவுக்குள் ஏதாவது ஒரு தாள் கொடுத்தால் போதும். அந்தத் தாளை வாங்கிக்கொண்டு மனுதாரர் மறுபடியும் ரிட் மனுவிலிருந்து தொடங்குகிறார்.

இந்தச் சுழற்சி மிகக் கடுமையாகத் தெரியும் இடம் பழங்குடியினர் சான்றிதழ். தமிழ்நாட்டில் பட்டியல் சாதியினருக்கு வட்டாட்சியரும், பழங்குடியினருக்கு வருவாய்க் கோட்டாட்சியர் அல்லது சார் ஆட்சியரும் சான்றிதழ் வழங்குகிறார்கள். 1989 நவம்பர் வரை பழங்குடிச் சான்றையும் தாசில்தார்களே கொடுத்துவந்தார்கள். அதற்கு முன்பே ஒரு மாற்றம் நடந்திருந்தது. சில சமூகங்களைக் குறிப்பிட்ட மாவட்டங்களில் மட்டுமே பழங்குடியாகக் கருதும் எல்லைக் கட்டுப்பாட்டை 1976ஆம் ஆண்டின் திருத்தச் சட்டம் பெரும்பாலும் நீக்கியது. நியாயமான திருத்தம்தான். கூடவே, கொண்டா ரெட்டி, காட்டுநாயக்கன், குறுமன்ஸ் போன்ற பெயர்களோடு ஒலிப்பொருத்தம் உள்ள வேறு சமூகத்தவரும் சான்றிதழ் கேட்டு வரிசையில் நின்றார்கள். சிலர் வாங்கியும் விட்டார்கள்; வங்கியிலும் ரயில்வேயிலும் துறைமுகத்திலும் வேலைக்குச் சேர்ந்தார்கள். 1989க்கு முன் தாசில்தார் கொடுத்த சான்று செல்லாது என்று நிர்வாகங்கள் சொல்லத் தொடங்கியபோது, சென்னைத் துறைமுகப் பொறுப்புக் கழக ஊழியர்களின் வழக்கில் 1997இல் உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. அன்றைக்கு அதிகாரம் இருந்தவர் கொடுத்த சான்று செல்லும். சந்தேகம் இருந்தால் முறைப்படி விசாரித்து ரத்து செய்துகொள்ளுங்கள் என்பது நிலை.

முறைப்படி என்பதற்கு 1994இலேயே இலக்கணம் எழுதப்பட்டிருந்தது. மகாராஷ்டிரத்தில் மகாதேவ் கோலி என்று சான்று பெற்று மருத்துவக் கல்வியில் இடம் பிடித்த சகோதரிகளின் வழக்கு அது. மாதுரி பாட்டீல் வழக்கு என்று அழைக்கப்படுகிறது. தந்தையின் பள்ளிப் பதிவில் இருந்ததோ இந்து கோலி. அந்தத் தீர்ப்பில் நீதிபதி கே.ராமசாமி நாடு முழுமைக்குமாகப் பதினைந்து வழிகாட்டுதல்களைக் கொடுத்தார். மாநிலந்தோறும் மூன்று உயர் அதிகாரிகள் கொண்ட கூர்நோக்குக் குழு வேண்டும். பழங்குடிக் கோரிக்கை என்றால் அதில் ஒருவர் பழங்குடிகளை அடையாளம் காணத் தெரிந்த ஆய்வாளராக இருக்க வேண்டும். காவல் துணைக் கண்காணிப்பாளர் தலைமையில் விழிப்புப் பிரிவு வேண்டும். அதன் காவல் ஆய்வாளர் மனுதாரரின் இருப்பிடத்துக்கும் பூர்வீக ஊருக்கும் நேரில் போக வேண்டும். பள்ளிப் பதிவேட்டையும் பிறப்புப் பதிவேட்டையும் பார்த்து, பெற்றோரை விசாரித்து, தெய்வம், சடங்கு, திருமண முறை, இறப்புச் சடங்கு, புதைக்கும் வழக்கம் எல்லாவற்றையும் கேட்டு எழுத வேண்டும். இவ்வளவும் இரண்டு மாதத்துக்குள். நாள்தோறும் உட்கார்ந்து விசாரியுங்கள் என்றது தீர்ப்பு.

தமிழ்நாடு 2007 செப்டம்பரில் அரசாணை வழியாக மாநிலக் கூர்நோக்குக் குழுவையும் மாவட்ட விழிப்புக் குழுக்களையும் திருத்தி அமைத்தது. காகிதத்தில் எல்லாம் சரியாக இருக்கிறது. நடைமுறையில் இரண்டு மாதம் இருபது வருடமாகிறது. 1980களில் வேலைக்குச் சேர்ந்தவரின் சான்றிதழ் அவர் ஓய்வுபெறும் ஆண்டிலும் குழுவின் முன் நிலுவையில் இருப்பது இங்கே அரிதல்ல. அவர் ஓய்வுபெறும் நாளில் நிர்வாகம் பணிக்கொடையை நிறுத்தும், அவர் ரிட் போடுவார், மூன்று மாதத்தில் விசாரணையை முடிக்கச் சொல்லி உத்தரவு வரும், முடியாது, அவமதிப்பு. இதில் யாருக்குத் தாமதம் வசதி என்பதும் எப்போதும் ஒன்றல்ல. பொய்ச் சான்று வைத்திருப்பவருக்கு ஒவ்வொரு வருடத் தாமதமும் ஒரு வருடச் சம்பளம். அவர் தடையாணை வாங்கிக்கொண்டு காத்திருப்பார். உண்மையான பழங்குடிக்கு ஒவ்வொரு வருடமும் தலைக்கு மேல் தொங்கும் சந்தேகம். ஒரே நிலுவைப் பட்டியலில் இருவரும் அடுத்தடுத்த எண்ணில் இருக்கிறார்கள்.

விசாரணையின் தரத்தைப் பற்றியும் சொல்ல வேண்டும். சடங்கு கேட்டுப் பழங்குடியை அடையாளம் காணும் முறையில் எனக்கு எப்போதும் சங்கடம் உண்டு. மூன்று தலைமுறையாகச் சேலத்தில் குடியிருக்கும் குடும்பத்தின் பட்டதாரிப் பெண்ணிடம் உங்கள் குலதெய்வத்துக்கு என்ன பலி என்று கேட்டால், அவளுக்குத் தெரியாமல் போகலாம். தெரியாததாலேயே அவள் வேறு சமூகம் ஆகிவிடுவாளா? அதே கேள்விக்குப் புத்தகம் பார்த்து விடை தயாரித்து வருபவரும் இருப்பார். உச்ச நீதிமன்றமும் இந்த இடத்துக்கு மெல்ல வந்து சேர்ந்தது. 2011இல் ஆனந்த் வழக்கிலும், மூன்று நீதிபதிகள் அமர்வு 2023 மார்ச்சில் மகாராஷ்டிர ஆதிவாசி தாக்கூர் சமூக அமைப்பின் வழக்கிலும், சடங்கு ஒப்புமை மட்டுமே உறுதியான உரைகல் ஆகாது, சுதந்திரத்துக்கு முந்தைய ஆவணங்களுக்கு அதிக மதிப்பு என்று சொல்லப்பட்டது. ஆவணங்களே குழுவுக்குத் திருப்தி தந்துவிட்டால் விழிப்புப் பிரிவை ஊருக்கு அனுப்ப வேண்டிய கட்டாயமும் இல்லை.

ஒருமுறை சரிபார்த்ததை மறுபடி திறக்கலாமா என்பதும் தமிழ்நாட்டு வழக்கொன்றில்தான் தெளிவானது. வள்ளுவன் சாதிச் சான்றோடு வேலைக்குச் சேர்ந்த ஒரு பெண்ணின் சான்று உண்மை என்று 1999இல் மாவட்டக் குழு முடிவு செய்தது. பிறகு புகார் வந்து, 2008இல் அது ரத்து செய்யப்பட்டது. 2021இல் உச்ச நீதிமன்றம் ரத்தை நீக்கியது. மோசடியோ முறையற்ற விசாரணையோ நடந்திருந்தாலொழிய முடிந்துபோன சரிபார்ப்பைக் கிளறக் கூடாது. சான்று வாங்கிய நாளிலிருந்து எண்ணினால் அவருடைய பணிக்காலம் ஏறத்தாழ முழுவதையும் இந்தக் கேள்வி விழுங்கியிருக்கிறது.

இன்னொரு புறம், சான்றிதழே கிடைக்காதவர்கள். 2022 அக்டோபரில் தன் பிள்ளைக்கு மலைக்குறவன் சான்று கிடைக்கவில்லை என்ற விரக்தியில் காஞ்சிபுரம் மாவட்டத்தைச் சேர்ந்த ஒரு தந்தை சென்னை உயர் நீதிமன்ற வளாகத்திலேயே தீக்குளித்து இறந்தார். போலிச் சான்றுகள் மீதான பயம் அதிகாரிகளை எங்கே கொண்டு நிறுத்தியிருக்கிறது என்பதற்கு அதைவிடச் சான்று வேண்டாம். கொடுத்தால் நாளை விசாரணை வரும், கொடுக்காவிட்டால் அதிகபட்சம் ஒரு ரிட் வரும். கோட்டாட்சியரின் கணக்கு இதுதான். தாத்தாவுக்குப் பள்ளிச் சான்று இல்லை, நிலம் இல்லை, பட்டா இல்லை என்பதுதான் ஒரு நாடோடிச் சமூகத்தின் அடையாளம். அந்த மூன்றையும் ஆதாரமாகக் கேட்டு, இல்லை என்றதும் நிராகரிப்பதும் சட்டப்படியான பரிசீலனை என்றே கோப்பில் ஏறுகிறது.

போலி ஆவணத்தை நீதிமன்றத்திலேயே கொடுத்தால் கதை வேறு. 1990களின் நடுவில் சந்திர சசி வழக்கில், மனைவி கேட்ட வழக்கு மாற்றத்தை எதிர்ப்பதற்காகக் கணவர் ஒரு போலி அனுபவச் சான்றிதழைத் தாக்கல் செய்தார். உச்ச நீதிமன்றம் அதைக் குற்றவியல் அவமதிப்பாக எடுத்துக்கொண்டு அவரைச் சிறைக்கு அனுப்பியது. அதே போலித் தாளைத் தாசில்தாரிடம் கொடுத்திருந்தால் அவமதிப்பு கிடையாது. காவல் நிலையத்தில் மோசடிப் புகார்தான். 2005இல் இக்பால் சிங் மர்வா வழக்கு இந்தக் கோட்டை இன்னும் அழுத்தமாக வரைந்தது. நீதிமன்றத்தின் காவலில் இருக்கும்போது ஆவணத்தில் கை வைத்திருந்தால்தான் நீதிமன்றமே புகார் கொடுக்க வேண்டும்; வெளியே தயாரித்துக் கொண்டுவந்த போலி என்றால் பாதிக்கப்பட்டவர் நேரடியாகப் புகார் செய்யலாம்.

பத்திரப் பதிவில் தமிழ்நாடு வேறொரு வழியை முயன்று பார்த்தது. 2022இல் பதிவுச் சட்டத்தில் 77-அ என்ற பிரிவைச் சேர்த்து, போலி ஆவணப் பதிவை ரத்து செய்யும் அதிகாரத்தை மாவட்டப் பதிவாளருக்குக் கொடுத்தது. 2024இல் சென்னை உயர் நீதிமன்றம் அந்தப் பிரிவை அரசமைப்புக்கு முரணானது என்று அடித்துவிட்டது. மூல ஆவணத்தைக் காட்டாவிட்டால் பதிவை மறுக்கலாம் என்ற 55-அ விதியின் ஒரு பகுதியை உச்ச நீதிமன்றம் 2025 ஏப்ரலில் செல்லாது என்றது. சார் பதிவாளர் சொத்துரிமையை ஆராயும் நீதிபதியல்ல என்பதே காரணம். அலுவலகம் சரிபார்க்கவில்லை என்று ஒரு நாள் திட்டும் நாம், அது சரிபார்க்கப் புகுந்தால் அதிகாரம் எங்கிருந்து வந்தது என்று அடுத்த நாள் கேட்கிறோம். இரண்டு கேள்வியும் நியாயமானவை என்பதுதான் தொல்லை.

இனி தண்டனை. உரிமையியல் அவமதிப்புக்கு அதிகபட்சம் ஆறு மாதக் காவல், 2,000 ரூபாய் அபராதம். அந்த 2,000 ரூபாய் 1971இல் எழுதப்பட்டது, இன்றும் அதுவே. அபராதமே விதி, சிறை விலக்கு என்பது 12ஆம் பிரிவின் போக்கு. மன்னிப்புக் கேட்டால் விட்டுவிடலாம். மேல்முறையீடு நிலுவையில் இருக்கிறது என்பது அதிகாரிகள் அதிகம் நீட்டும் கேடயம். தடையாணை இல்லாத மேல்முறையீடு உத்தரவைத் தள்ளிவைக்காது என்பது சட்டம் படித்த எல்லாருக்கும் தெரியும், ஆனாலும் அந்தக் கேடயம் பாதி நாள் வேலை செய்யவும் செய்கிறது. சிறை அரிதாக வருகிறது. மர அறுவை ஆலை உத்தரவை மீறியதற்காக மகாராஷ்டிர வனத்துறை அமைச்சருக்கும் முதன்மைச் செயலருக்கும் உச்ச நீதிமன்றம் 2006இல் ஒரு மாதச் சிறை விதித்தது. உயர் நீதிமன்ற உத்தரவை மீறிக் குண்டூரில் குடிசைகளை இடித்த தாசில்தார் பின்னர் துணை ஆட்சியராகிவிட்டிருந்தார். 2025 மே மாதம் உச்ச நீதிமன்றம் அவரை மீண்டும் தாசில்தாராக இறக்கி, சட்டத்தின் 2,000 ரூபாய் வரம்பைத் தாண்டி ஒரு லட்சம் ரூபாய் அபராதமும் போட்டது. வருவாய்த் துறையில் சிறைத் தண்டனையை விட இந்தப் பதவியிறக்கம்தான் அதிகம் பேசப்பட்டிருக்கும் என்று நினைக்கிறேன்.

நீதிமன்றங்கள் வரம்பு மீறுவதும் உண்டு. சின்ன விஷயத்துக்கெல்லாம் செயலரை நேரில் வரவழைத்து, உடையைப் பற்றியும் படிப்பைப் பற்றியும் பேசுவது வழக்கமாகிவிட்டது. உத்தரப் பிரதேச அதிகாரிகளை அலகாபாத் உயர் நீதிமன்றம் காவலில் எடுத்த விவகாரத்தில், 2024 ஜனவரி 3 அன்று உச்ச நீதிமன்றம் இதற்கொரு நடைமுறையே வகுத்தது: முதலில் காணொலி, அவமானப்படுத்தும் பேச்சு கூடாது, அவகாசம் கேட்டால் பரிசீலிக்க வேண்டும். நல்ல நடைமுறை. ஆனால் அதிகாரி நேரில் நின்றாரா காணொலியில் தெரிந்தாரா என்பது சான்றிதழ் கேட்டு நிற்பவருக்கு இரண்டாம் பட்சம். அவர் கொடுத்த ஆவணங்களை யாராவது பிரித்துப் படித்தார்களா என்பதுதான் அவர் கேள்வி.

அதற்கு அவமதிப்புச் சட்டத்தில் விடை தேடுவதை விட மூல உத்தரவில் தேடலாம். பரிசீலிக்கவும் என்ற ஒற்றை வினைச்சொல்லோடு உத்தரவு முடியாமல், இன்னின்ன ஆவணத்தைப் பற்றித் தனித்தனியே முடிவு சொல்ல வேண்டும், மனுதாரரையும் அவர் சொல்லும் உறவினர் இருவரையும் விசாரிக்க வேண்டும், விசாரணை அறிக்கையின் நகலை முன்கூட்டியே கொடுக்க வேண்டும் என்று எழுதினால், முந்தைய நாள் தேதியிட்ட ஒற்றைத் தாளோடு யாரும் வர முடியாது. அப்போது சுதிர் வாசுதேவா வழக்கின் வேலியே மனுதாரருக்கு அரணாகும், ஏனென்றால் மீறப்பட்டவை அனைத்தும் உத்தரவின் வாசகத்துக்குள்ளேயே இருக்கும். சில நீதிபதிகள் இப்படி எழுதத்தான் செய்கிறார்கள். நாளொன்றுக்கு நூறு வழக்கு பார்ப்பவரிடம் எல்லா வழக்கிலும் இதை எதிர்பார்க்க முடியாது. வழக்கறிஞர்கள் வேண்டுகோள் பகுதியிலேயே இதைக் கேட்டு எழுதலாம்.

பெரிய ஓட்டை வேறிடத்தில் இருக்கிறது. ஆந்திரம் 1993இலும் கேரளம் 1996இலும் மகாராஷ்டிரம் 2000இலும் சாதிச் சான்று வழங்கல், சரிபார்ப்பு, ரத்து, தண்டனை எல்லாவற்றுக்கும் தனிச் சட்டம் இயற்றின. தமிழ்நாட்டில் இந்த ஏற்பாடு அரசாணைகளின் மேல் நிற்கிறது. மாதுரி பாட்டீல் வழிகாட்டுதல்கள் செல்லுமா என்ற ஐயம் எழுந்தபோது, சட்டம் வரும்வரை அவை செல்லும் என்று 2011இல் தயாராம் வழக்கில் சொல்லப்பட்டது. சட்டம் வரும்வரை என்ற அந்தத் தற்காலிகம் இங்கே நிரந்தரமாகிவிட்டது. சட்டத்தில் கால வரம்பு இருந்து, அதை மீறினால் துறை நடவடிக்கை தானாக வரும் என்றிருந்தால், கெடு வாங்குவதற்கென்றே ஒரு ரிட், கெடுவை நினைவூட்ட ஓர் அவமதிப்பு என்று இரண்டு வழக்கு குறையும். பொய்ச் சான்றுதாரர் என்ன இழப்பார் என்பதும் அதில் தெளிவாக இருக்கலாம். 2017இல் இந்திய உணவுக் கழக வழக்கில் உச்ச நீதிமன்றம் போலிச் சான்றால் கிடைத்த வேலையைத் தக்கவைக்க முடியாது, நீண்ட பணிக்காலம் அதற்குச் சமாதானம் ஆகாது என்று கறாராகச் சொன்னது. அதற்கு முன் வெவ்வேறு அமர்வுகள் இரக்கம் காட்டியதும் உண்டு.

எந்தச் சரிபார்ப்பும் எந்த அவமதிப்பு மனுவும் எட்டாத ஒரு பகுதி மிச்சம் இருக்கிறது. ஈரோடு மாவட்டம் பர்கூர் மலையிலும் கடம்பூர் மலையிலும் வாழும் மலையாளி சமூகத்தாரின் ஆவணங்களில் பொய் எதுவும் இல்லை. சேலத்திலும் தருமபுரியிலும் அதே மலையாளி பழங்குடி. ஈரோட்டில் இல்லை, ஏனென்றால் 1976 திருத்தத்துக்குப் பிறகும் அந்தப் பெயரோடு மாவட்டப் பட்டியல் ஒன்று ஒட்டிக்கொண்டிருக்கிறது. அதில் ஈரோடு அடங்கியிருந்த அன்றைய கோவை மாவட்டம் இல்லை. பட்டியலில் உள்ள பெயரை அப்படியே படிக்க வேண்டும், விரித்துப் பொருள் கொள்ள எந்த நீதிமன்றத்துக்கும் அதிகாரமில்லை என்று மிலிந்த் வழக்கில் 2000ஆம் ஆண்டு ஐந்து நீதிபதிகள் அமர்வு சொல்லிவிட்டது. கோட்டாட்சியர் எவ்வளவு நேர்மையாகப் பரிசீலித்தாலும் நிராகரிக்கத்தான் வேண்டும். 342ஆம் பிரிவின்படி பட்டியலை மாற்ற நாடாளுமன்றத்தால் மட்டுமே முடியும். நரிக்குறவரும் குருவிக்காரரும் 2023இல் அந்த வழியாகத்தான் தமிழ்நாட்டுப் பழங்குடிப் பட்டியலுக்குள் வந்தார்கள்.